விற்ற கதைகளும் விற்காத கதையும்

நெட்ஃப்ளிக்ஸில் 2019இல் வந்த ‘க்ளாஸ்’ என்ற அனிமேஷன் படத்தைப் பார்த்தவர்களில் பாதிப் பேராவது அது கம்ப்யூட்டரில் செய்த 3டி படம் என்றுதான் இன்னமும் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அதில் வரும் தபால்காரன், தாடிக்காரத் தாத்தா, சண்டைக்கார ஊர்க்காரர்கள் எல்லோருமே கையால் வரையப்பட்டவர்கள். காகிதத்துக்குப் பதில் திரை, பென்சிலுக்குப் பதில் டிஜிட்டல் பேனா, அவ்வளவுதான் வித்தியாசம். ஒவ்வொரு அசைவையும் ஒருவர் உட்கார்ந்து வரைந்திருக்கிறார். அதை எழுதி இயக்கிய செர்ஹியோ பாப்லோஸைப் பற்றித் தமிழில் யாரும் விரிவாக எழுதி நான் படித்ததில்லை. ஆஸ்கர் பரிந்துரை கிடைத்த வருடம் பெயர் நாலு இடத்தில் வந்தது, அப்புறம் போய்விட்டது. எனக்கு அந்தப் படத்தைவிட அதற்கு முந்தைய இருபது வருடங்கள்தான் பெரிதாகத் தெரிகின்றன. தான் கற்ற தொழில் செத்துவிட்டது என்று ஊரே சொன்ன பிறகு அந்த மனிதர் என்ன செய்தார் என்பதுதான் இந்தக் கட்டுரை.

பாப்லோஸ் 1970இல் பார்சலோனாவில் பிறந்தவர். கலிஃபோர்னியாவில் அனிமேஷனுக்குப் பேர்போன கால்ஆர்ட்ஸ் கல்லூரியில் படித்தார், பிறகு டிஸ்னியின் பாரிஸ் ஸ்டுடியோவில் சேர்ந்தார். டிஸ்னிக்கு பாரிஸில் ஒரு ஸ்டுடியோ இருந்தது என்பதே பலருக்குத் தெரியாது. பிரிஸ்ஸி சகோதரர்கள் என்ற பிரெஞ்சுக்காரர்கள் நடத்திவந்த ஸ்டுடியோவை 1989இல் டிஸ்னி வாங்கியது. 1995இல் வந்த ‘எ கூஃபி மூவி’யின் பெரும்பகுதி வேலை அங்கேதான் நடந்தது. அடுத்தடுத்து வந்த ‘தி ஹஞ்ச்பேக் ஆஃப் நோட்ரடாம்’, ‘ஹெர்குலிஸ்’ படங்களிலும் பாப்லோஸ் வரைந்தார். ஐரோப்பாவின் இளம் ஓவியர்களுக்கு அது பெரிய பள்ளிக்கூடம். அமெரிக்காவில் நாற்பது ஐம்பது வருடமாகச் சேர்ந்திருந்த கைப்பழக்கம், பக்கத்து மேஜையைப் பார்த்தே கற்றுக்கொள்ளும் வகையில், பாரிஸுக்கே வந்திருந்தது.

1999இல் வந்த ‘டார்ஸான்’ படத்தில் டான்டர் என்ற யானைக்கு அவர்தான் சூப்பர்வைசிங் அனிமேட்டர். இந்தப் பதவியைச் சும்மா மேற்பார்வை என்று நினைத்துவிடக் கூடாது. டிஸ்னி முறையில் ஒரு முக்கியப் பாத்திரத்தை ஒருவர் தத்தெடுத்துக்கொள்வார். அந்தப் பாத்திரம் எப்படி நிற்கும், பயந்தால் எந்தப் பக்கம் சாயும், பேசும்போது கண் எங்கே போகும் என்பதெல்லாம் அவர் முடிவு. அவருக்குக் கீழே உள்ள குழு அதைப் பார்த்துத்தான் வரையும். நடிகருக்கு நிகரான வேலை என்று சொன்னால் மிகையில்லை. டான்டர், தண்ணீர் சுத்தமாக இருக்குமா என்று கவலைப்படும் யானை. அத்தனை பெரிய உடம்புக்குள் அவ்வளவு சின்ன தைரியம். 2002இல் வந்த ‘ட்ரெஷர் பிளானெட்’டில் டாக்டர் டாப்ளர் என்ற நாய்முக வானியலாளர் அவர் கைக்கு வந்தார். அவரும் படபடப்பான ஆள்தான், படிப்பு நிறைய, தைரியம் கொஞ்சம். இந்த இரண்டையும் பார்த்துவிட்டு ‘க்ளாஸ்’ படத்தின் நாயகன் ஜெஸ்பரைப் பாருங்கள். முழங்கையும் முழங்காலுமாக, குளிருக்கும் பயத்துக்கும் சேர்த்து நடுங்கும் அந்தத் தபால்காரனை பாப்லோஸ் பல வருடமாகவே வரைந்து பழகிக்கொண்டிருந்திருக்கிறார் என்று தோன்றும்.

‘ட்ரெஷர் பிளானெட்’ படுதோல்வி. 14 கோடி டாலர் செலவு, உலகம் முழுக்க வசூல் சுமார் 11 கோடி. பாதி தியேட்டர்காரர்களுக்குப் போகும் என்பதால் உண்மையான நஷ்டம் இன்னும் பெரியது. அதே சமயத்தில் ‘ஷ்ரெக்’, ‘ஃபைண்டிங் நீமோ’ என்று கம்ப்யூட்டர் படங்கள் பணத்தை அள்ளின. ஸ்டுடியோ மேலிடங்கள் போட்ட கணக்கு எளிமையானது: ஜனங்களுக்குக் கையால் வரைந்த படம் அலுத்துவிட்டது. 2003இல் பாரிஸ் ஸ்டுடியோ மூடப்பட்டது. நல்ல கதை ஓடியது, சுமாரான கதை ஓடவில்லை என்று யாரும் பார்க்கவில்லை, பழி முழுக்கப் பென்சில் மேல் விழுந்தது. இதை நினைத்தால் எனக்கு இப்போதும் ஆத்திரம்தான் வருகிறது. ஒரு யானையின் எடையைக் கோட்டில் கொண்டுவரப் பத்துப் பதினைந்து வருடம் பழகியவர்கள் திடீரென்று மவுஸைப் பிடித்து முதலிலிருந்து தொடங்க வேண்டியிருந்தது. தொழிலையே விட்டவர்களும் உண்டு. பின்னால் டிஸ்னி 2009இல் ‘தி பிரின்சஸ் அண்ட் தி ஃப்ராக்’, 2011இல் ‘வின்னி தி பூ’ என்று இரண்டு முறை எட்டிப் பார்த்துவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டது.

பாப்லோஸ் ஸ்பெயினுக்குத் திரும்பினார். மாட்ரிட்டில் எஸ்பிஏ ஸ்டுடியோஸ் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கினார். சொந்த நிறுவனம் என்றதும் சொந்தப் படம் என்று நினைக்க வேண்டாம். வெளிநாட்டுப் படங்களுக்குப் பாத்திர வடிவமைப்பு, அனிமேஷன் உதவி என்று ஆர்டர் எடுத்துச் செய்யும் கடைதான். 2011இல் வந்த ‘ரியோ’வுக்குப் பாத்திரங்கள் வடிவமைத்தவர்களில் அவரும் உண்டு. ஸ்பெயினில் அனிமேஷன் இல்லாமல் இல்லை. 1945இலேயே பார்சலோனாவில் ‘கர்பன்சீத்தோ தே லா மன்சா’ என்ற முழுநீள வண்ண கார்ட்டூன் படம் எடுத்திருக்கிறார்கள். ‘சீக்கோ இ ரீத்தா’ ஆஸ்கர் பரிந்துரை வரைக்கும் போயிருக்கிறது, முதியோர் இல்லத்தைப் பற்றிய ‘அர்ருகாஸ்’ நடிகர்கள் நடித்த படங்களோடு போட்டிபோட்டுத் திரைக்கதைக்கான கோயா விருதையே, அதாவது ஸ்பெயினின் தேசியத் திரைப்பட விருதையே, வாங்கியிருக்கிறது. ஆனால் இவையெல்லாம் சின்ன பட்ஜெட்டில் பல்லைக் கடித்துக்கொண்டு எடுத்தவை. பாப்லோஸ் பழகியிருந்த அளவுக்கு ஒரு படத்தைக் கையால் வரைந்து எடுக்க உள்ளூர்ப் பணம் போதாது.

அதனால் அவர் கதை விற்றார். இந்தக் கட்டம்தான் எனக்கு ரொம்பப் பிடித்தது. முழுத் திரைக்கதையை எழுதிக் கையில் கொடுப்பது வேறு, ஒரு யோசனையையும் அதற்கான படங்களையும் எடுத்துக்கொண்டுபோய்த் தயாரிப்பாளர் முன் வைப்பது வேறு. இரண்டாவதில் அவர் கெட்டிக்காரர். ஒரு வில்லன், உலகத்தையே ஆட்டிப்படைக்கத் திட்டம் போடுகிறவன், அவனுக்கு அநாதைக் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை வந்து சேர்ந்தால்? இந்த யோசனையை இல்யூமினேஷன் என்ற அமெரிக்க அனிமேஷன் நிறுவனம் எடுத்துக்கொண்டது. 2010இல் ‘டெஸ்பிக்கபிள் மீ’யாக வந்து உலகம் முழுக்க 54 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. பியர் கோஃபன், கிறிஸ் ரெனோ இயக்கினார்கள், சின்கோ பால், கென் டாரியோ திரைக்கதை எழுதினார்கள், மினியன்கள் என்ற மஞ்சள் குட்டிப் பாத்திரங்கள் இயக்குநர்கள் தரப்பில் பிறந்தவை. டைட்டிலில் ‘கதை: செர்ஹியோ பாப்லோஸ்’ என்று வரும். மஞ்சள் பொம்மை உலகத்தின் எல்லாக் கடையிலும் தொங்குகிறது, அந்தக் கதையை முதலில் யோசித்தவர் பெயரைக் கேட்டால் யாருக்கும் தெரியாது.

2018இல் வார்னர் வெளியிட்ட ‘ஸ்மால்ஃபுட்’டும் இப்படித்தான். அது ‘யெட்டி ட்ராக்ஸ்’ என்ற அவருடைய அச்சேறாத கதையிலிருந்து வந்தது. மனிதன் என்று ஒரு பிராணி இருப்பதாக நம்பி, மற்ற பனிமனிதர்களிடம் கேலிக்கு ஆளாகும் பனிமனிதனின் கதை.

இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் அவர் கதை கட்டும் விதம் பிடிபடும். எல்லோருக்கும் தெரிந்த ஒரு பாத்திரத்தை எடுத்துக்கொள்வார், அதை எதிர்ப்பக்கத்தில் நிற்கவைத்துப் பார்ப்பார். வில்லன் அப்பாவானால் என்ன ஆகும், பனிமனிதன் நம்மைத் தேடினால் என்ன ஆகும் என்று கேட்டவர், அதே கேள்வியை ஒரு நாள் கிறிஸ்துமஸ் தாத்தாவிடம் கொண்டுபோனார். மந்திரம் எதுவும் இல்லாமல் அவர் எப்படி உருவாகியிருப்பார்? இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். ஸ்பெயினில் குழந்தைகளுக்குப் பரிசு கொண்டுவருவது வழக்கப்படி கிழக்கிலிருந்து வந்த மூன்று ராஜாக்கள், அதுவும் ஜனவரி 6இல். கிறிஸ்துமஸ் தாத்தா அங்கே பின்னால் வந்து சேர்ந்தவர். அவரைப் பற்றிய கதையை ஒரு ஸ்பெயின்காரர் இவ்வளவு கூலாகப் பிரித்துப் போட்டதற்கு அந்தத் தூரமும் ஒரு காரணமாக இருக்கலாம் என்பது என் ஊகம்.

இந்தக் கதையை அவர் விற்கவில்லை. தானே இயக்குவது என்று முடிவு செய்தார்.

கதை இதுதான். தபால்துறைத் தலைவரின் ஊதாரி மகன் ஜெஸ்பர். அப்பா அவனைப் பனிமண்டிய ஒரு வடக்குத் தீவுக்கு அனுப்புகிறார், ஒரு வருடத்தில் 6,000 கடிதம் முத்திரை குத்தினால்தான் திரும்பி வரலாம். ஊர் பெயர் ஸ்மீரென்ஸ்பர்க். ஆர்க்டிக் தீவுக்கூட்டமான ஸ்வால்பார்டில் 17ஆம் நூற்றாண்டில் திமிங்கிலம் பிடிக்கப் போன டச்சுக்காரர்கள் அமைத்த ஸ்மீரென்பர்க் என்ற குடியிருப்பை நினைவுபடுத்தும் பெயர். இந்த ஊரில் இரண்டு குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக வெட்டிக்கொள்கின்றன, யாரும் யாருக்கும் கடிதம் எழுதுவதில்லை. பிள்ளைகளை எதிரிக் குடும்பத்துப் பிள்ளைகளோடு உட்காரவைக்க மனமில்லாமல் பள்ளிக்கூடத்துக்கே அனுப்புவதில்லை, அதனால் டீச்சர் ஆல்வா வகுப்பறையிலேயே மீன் விற்கிறாள். காட்டுக்குள் தனியாக வாழும் தச்சர் க்ளாஸின் வீட்டில் பொம்மைகள் குவிந்து கிடக்கின்றன. குழந்தைகள் கடிதம் போட்டால் பொம்மை கிடைக்கும் என்று ஜெஸ்பர் கிளப்பிவிடுகிறான், அவனுக்கு வேண்டியது முத்திரைக் கணக்கு மட்டும்.

திரைக்கதையின் அழகு நடுப்பகுதியில் இருக்கிறது. கதவு பூட்டியிருப்பதால் அவன் புகைபோக்கி வழியாக இறங்குகிறான். வம்பு செய்த ஒரு பையனுக்குப் பழிவாங்கப் பரிசுக்குப் பதில் கரியை வைக்கிறான், அதிலிருந்துதான் நல்ல பிள்ளைக்கு மட்டும் பரிசு என்ற பேச்சு பரவுகிறது. மான் வண்டி தறிகெட்டு மேட்டிலிருந்து எகிறும் ஒரு கணத்தை ஒரு குழந்தை பார்த்துவிட, வண்டி பறக்கிறது என்று ஊர் நம்புகிறது. நாம் சின்ன வயதில் கேட்ட ஒவ்வொரு ஐதீகத்துக்கும் ஒரு விபத்தோ சுயநலமோ காரணமாகிறது, குழந்தைகள் வாய்வழியாக அது பெரிதாகிக்கொண்டே போகிறது. கடிதம் எழுத வேண்டுமென்றால் எழுதத் தெரிய வேண்டுமே, அதனால் பிள்ளைகள் மீன்கடைக்கு வந்து டீச்சரைப் படிப்பு சொல்லித்தரச் சொல்கிறார்கள். ஆல்வா ஊரைவிட்டுப் போகச் சேர்த்துவைத்த பணத்தை எடுத்துச் செலவழிக்க ஆரம்பிக்கிறாள். நல்ல திரைக்கதையில் ஒரு காரியம் அடுத்ததைத் தள்ளும் என்று சொல்வார்கள், இங்கே அது அப்படியே கண்முன் நடக்கிறது.

மார்கு என்ற சாமி இனச் சிறுமி வரும் காட்சிகள் எனக்கு இன்னும் நெருக்கம். சாமி மக்கள் ஸ்காண்டிநேவியாவின் வடகோடிப் பழங்குடியினர். அந்தக் குழந்தை தன் மொழியில்தான் பேசுகிறாள், குரல் கொடுத்ததும் அந்த மொழி பேசும் சிறுமி. திரையில் மொழிபெயர்ப்பு போடவில்லை. ஜெஸ்பருக்குப் புரியாதது நமக்கும் புரியாது. ஆனால் அவள் முகத்தையும் கையையும் பார்த்தே ஒவ்வொரு வார்த்தையும் புரிந்துவிடுகிறது. அனிமேட்டராக இருந்து எழுத்தாளர் ஆனவருக்குத்தான் இந்தத் தைரியம் வரும். வசனம் இல்லாமலே தன் கோடு பேசிவிடும் என்று அவருக்குத் தெரியும்.

சரி, இந்தப் படம் 3டி போலத் தெரிவதற்குக் காரணமான ஒளி விஷயத்துக்கு வருகிறேன். பழைய கையால் வரைந்த படங்களில் பின்னணி ஒரு ஓவியரின் வேலை. அதில் வெயில் இருக்கும், நிழல் இருக்கும், மூலையில் இருட்டு மெல்ல அடர்த்தியாகும். அதன் முன்னால் நடக்கும் பாத்திரத்துக்கோ ஒரு வெளிக்கோடு, உள்ளே சீரான வண்ணம். எவ்வளவு நன்றாக வரைந்தாலும் ஓவியத்தின் மேல் ஸ்டிக்கர் ஒட்டியது போலவே இருக்கும். நிழல் வேண்டுமென்றால் அதையும் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் தனியாக வரைய வேண்டும். ஒரு விநாடிக்கு 24 ஃபிரேம். ஒரே படத்தை இரண்டு ஃபிரேமுக்கு நிறுத்தினாலும் விநாடிக்கு 12 படம், அதற்கு மேல் நிழலுக்கு இன்னொரு 12. முக்கியமான காட்சிகளுக்கு மட்டும் அதைச் செய்வார்கள், மற்றதற்குக் கட்டுப்படியாகாது.

2டி அப்படியே கைவிடப்படாமல் வளர்ந்திருந்தால் இன்றைக்கு எங்கே வந்திருக்கும் என்று பாப்லோஸ் கேட்டார். பழைய காலத்தை அப்படியே திரும்பக் கொண்டுவரும் ஏக்கம் அவரிடம் இல்லை. ஒளியை ஓவியர் கையில் கொடுக்க வேண்டும் என்பதுதான் அவர் தேடிய பதில். பிரான்சின் அங்குலேமில் உள்ள லே ஃபில்ம் து புவாசோன் ரூஜ் என்ற நிறுவனத்தோடு சேர்ந்து அவர்கள் கருவிகளை உருவாக்கினார்கள். அசைவு வரைந்து முடிந்த பிறகு ஒளி ஓவியர் உட்காருவார். விளக்கு எந்தப் பக்கம், அது முகத்தில் எங்கே விழும், பனியிலிருந்து எகிறும் வெளிச்சம் தாடையின் அடியில் எவ்வளவு, தொப்பியின் நிழல் நெற்றியில் எதுவரை, விளிம்பில் ஒரு கீற்று வேண்டுமா என்று ஒவ்வொன்றையும் தனித்தனி அடுக்காக அவர் போடுவார். அந்த வடிவங்களை அடுத்தடுத்த படங்களுக்கு மென்பொருள் தொடர்ந்து எடுத்துச்செல்லும், தவறும் இடத்தில் ஓவியர் கையால் திருத்துவார். துணியின் சொரசொரப்பு, தோலின் மென்மை எல்லாமும் அதேபோல் கோட்டோடு நகரும். இந்த மனிதர்களில் 3டி உருவம் எதுவும் கிடையாது. கண்ணுக்குக் கனமும் உருண்டையும் தெரிவதற்குக் காரணம் ஒளி மட்டும்தான்.

படத்தில் ஜெஸ்பர் முதன்முதலாக க்ளாஸின் வீட்டுக்குள் நுழையும் காட்சியை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். உள்ளே இருட்டு. அலமாரி முழுக்கப் பொம்மைகள், வெளிச்சம் அங்கங்கே ஒன்றிரண்டின் மேல் மட்டும். அவன் நகர நகர முகத்தில் விழும் வெளிச்சம் கூடிக் குறைகிறது. பின்னால் கோடரியோடு ஒரு பெரிய உருவம் வந்து நிற்கும்போது முகமே தெரியாது, வெறும் கருநிழல். க்ளாஸ் நல்லவர் என்று தெரிந்த பிறகு அதே முகத்தில் அடுப்பு வெளிச்சம் படும்போது தாடியின் ஓரம் மஞ்சளாகும். கதை மனிதர்களைப் பற்றிச் சொல்வதை ஒளியும் கூடவே சொல்கிறது. ஊரும் அப்படித்தான். தொடக்கத்தில் சாம்பல் நிறமும் கூரான கூரைகளுமாக இருக்கும், குழந்தைகள் சிரிக்கச் சிரிக்க நிறம் ஏறும். படத்தின் தோற்றத்தை வடிவமைத்த போலந்துக்காரர்கள் ஷிமோன் பியெர்னாட்ஸ்கியும் மார்சின் யாகுபோவ்ஸ்கியும் இதற்காகத் தனியாகப் பாராட்டப்பட வேண்டியவர்கள்.

இவ்வளவையும் வைத்துக்கொண்டு படத்தை எடுக்கப் பணம் கிடைக்கவில்லை. 2015இல் ஒரு சின்ன டீசரை இணையத்தில் விட்டார்கள், பார்த்தவர்கள் வாய்பிளந்தார்கள். ஆனால் பெரிய ஸ்டுடியோக்கள் தயங்கின. கையால் வரைந்த படம் என்பது ஒரு பயம், வருடத்தில் ஒரே மாதம் ஓடும் கிறிஸ்துமஸ் படம் என்பது இன்னொரு பயம். இதற்குள் கணினி முறைக்கு மாற்றி எடுத்திருக்கலாம், அல்லது மற்ற இரண்டைப் போல இதையும் விற்றுவிட்டுக் காசை வாங்கியிருக்கலாம். கடைசியில் 2017 நவம்பரில் நெட்ஃப்ளிக்ஸ் ஒத்துக்கொண்டது. சொந்தமாக ஒரு முழுநீள அனிமேஷன் படத்தையே அதுவரை வெளியிடாத நிறுவனம். செலவு சுமார் 4 கோடி டாலர், பிக்ஸார் செலவழிப்பதோடு ஒப்பிட்டால் சொற்பம். இரண்டே வருடத்தில், 2019 நவம்பரில் படம் வந்துவிட்டது. திரைக்கதையில் ஜிம் மஹோனி, ஸாக் லூயிஸ் இருவரும் அவரோடு சேர்ந்திருந்தார்கள், கார்லோஸ் மார்ட்டினெஸ் லோப்பெஸ் இணை இயக்கம்.

குறையே இல்லையா என்றால், இருக்கிறது. கடைசிப் பகுதியில் ஜெஸ்பரின் பொய் அம்பலமாகி எல்லோரும் அவனைவிட்டு விலகும் இடம், நூறு படத்தில் பார்த்த சடங்கு. அதுவரை ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு வந்த கதை அங்கே கையேட்டைப் பார்த்து நடக்கிறது. உச்சக்கட்டத் துரத்தலும் தேவைக்கு நீளம். ஆனால் அதற்குப் பிறகு, மனைவியை இழந்த க்ளாஸ் காற்றில் சுழலும் இலைகளின் பின்னே நடந்துபோகும் முடிவில், படம் முழுக்க மந்திரமே வேண்டாம் என்று பிடிவாதமாக இருந்தவர் ஒரே ஒரு இடத்தில் அதை அனுமதிக்கிறார். அந்த இடத்துக்கு அது பொருந்துகிறது.

அனிமேஷன்காரர்களே கொடுக்கும் ஆனி விருதுகளில் ஏழு பிரிவில் போட்டியிட்டு ஏழையும் வாங்கியது, சிறந்த படமும் இயக்கமும் உட்பட. பிரிட்டனின் திரைப்பட விருதான பாஃப்டாவில் ‘டாய் ஸ்டோரி 4’, ‘ஃப்ரோஸன் 2’ இரண்டையும் தாண்டியது. ஆஸ்கரில் ‘டாய் ஸ்டோரி 4’ ஜெயித்தது. சொந்த நாட்டின் கோயா விருதும் கிடைக்கவில்லை, ஆனால் அதை வென்ற படத்தைப் பாருங்கள்: சால்வடோர் சிமோ இயக்கிய ‘புனுவெல் இன் தி லாபிரிந்த் ஆஃப் தி டர்டில்ஸ்’. இயக்குநர் லூயிஸ் புனுவெல் 1930களின் தொடக்கத்தில் ஸ்பெயினின் லாஸ் ஊர்தெஸ் என்ற ஏழ்மையான மலைப்பகுதிக்குப் போய் ஆவணப்படம் எடுத்த கதை. அதுவும் கையால் வரைந்த படம். கோடு எளிமை, ஒளி வேலைப்பாடு கிடையாது, நடுநடுவே புனுவெல் எடுத்த அசல் காட்சிகளே வந்துபோகும். செத்துவிட்டது என்று சொன்ன கலையில் ஒரே வருடம் ஒரே நாட்டிலிருந்து இப்படி ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத இரண்டு படங்கள்.

பிறகு 2023இல் பாப்லோ பெர்ஹெர் ‘ரோபாட் ட்ரீம்ஸ்’ எடுத்தார், வசனமே இல்லாத, தட்டையான வண்ணத்தில் சுத்தமான கோட்டில் வரைந்த படம். அதற்கும் ஆஸ்கர் பரிந்துரை வந்தது. பாப்லோஸ் தேடிய ஒளியில் ஒரு துளிகூட அதில் இல்லை, இல்லாதது குறையாகவும் தெரியவில்லை. ‘க்ளாஸ்’ பிடித்தவர்கள் அடுத்து அதையும் ‘புனுவெல்’ படத்தையும் பார்க்க வேண்டும், முடிந்தால் அதே வாரத்தில்.